இமைக் கொள்கை: ஒரு கதைக்காகக் கட்டிய காலக் கணக்கு

முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இமைக் கொள்கை என்று அறிவியலில் எதுவும் கிடையாது. கோலாலம்பூரில் நடக்கும் ஓர் அறிவியல் புனைகதைக்காக நான் கட்டியது அது. கதையின் நாயகி புக்கிட் ஜாலில் அரங்கில் பூப்பந்து ஆட்டங்களுக்குக் கோட்டு நடுவராக உட்காரும் ஒரு தமிழ்ப் பெண். பந்து கோட்டுக்கு உள்ளே விழுந்ததா, வெளியே விழுந்ததா என்பதில் அவள் ஒருமுறைகூடத் தவறுவதில்லை. அவளுக்குக் கண் கூர்மை என்று சொல்லி முடித்துவிட்டால் கதை அங்கேயே படுத்துவிடும். அதனால் காலத்தையே கொஞ்சம் வளைக்க வேண்டியதாயிற்று.

கொள்கை சொல்வது இதுதான். பார்க்கிற ஒவ்வொருவருக்கும் 'இப்போது' என்பதற்கு ஓர் அகலம் உண்டு. அந்த அகலத்துக்குள் நடப்பவை எல்லாம் அவரைப் பொறுத்தவரை ஒரே சமயத்தில் நடந்தவை. எது முந்தி, எது பிந்தி என்று அவரால் பிரிக்க முடியாது. அந்த அகலத்துக்கு இமை என்று பெயர் வைத்தேன். இமை ஆளுக்கு ஆள் மாறும் என்பது முதல் விதி. ஒரே தாளத்தில் சேர்ந்து இயங்கும் மனிதர்களின் இமைகள் ஒன்றோடொன்று ஒத்துப்போகும் என்பது இரண்டாவது. மூன்றாவதில்தான் கதை துணிந்து பொய் சொல்கிறது: இமை குறுகியவரிடம் காலமே வேகமாக ஓடுகிறது, அவர் கையில் கட்டியிருக்கும் கடிகாரமும் கூடவே ஓடும்.

பொய்க் கொள்கை எழுதுவதில் ஒரு லாபம் உண்டு. எந்த இடத்தில் பொய் தொடங்குகிறது என்று பார்க்கப் போனால், உண்மை எவ்வளவு தூரம் வந்து நிற்கிறது என்பது தெரிந்துவிடும். முதல் விதி ஏறக்குறைய முழுக்க உண்மை. இரண்டாவது அரை உண்மை. மூன்றாவது சுத்தப் பொய். ஆனால் 'நேரம் மெதுவாகப் போனது' என்று நாம் சொல்லும்போதெல்லாம் தெரியாமல் நம்பிக்கொண்டிருப்பது இந்த மூன்றாவதைத்தான்.

முதல் விதியிலிருந்து தொடங்கலாம். தொல்காப்பியம் எழுத்தின் ஒலியளவான மாத்திரைக்குக் கண்ணிமைப்பதையும் கைநொடிப்பதையும்தான் அளவாகச் சொல்கிறது. அளவுகோல் வெளியில் இல்லை, அளப்பவரின் உடம்பிலேயே இருக்கிறது. ஒரு கண்ணிமைப்பு 0.1 முதல் 0.4 நொடி வரை எடுக்கும். நிமிடத்துக்குப் பத்துப் பதினைந்து முறை நாம் இமைக்கிறோம். அப்படியென்றால் ஒவ்வொரு நிமிடத்திலும் சில நொடி நாம் இருட்டில் இருக்கிறோம். ஆனால் அந்த இருட்டை யாரும் பார்த்ததில்லை. மூளை அதை வெட்டி எடுத்துவிட்டு, முன்னையும் பின்னையும் ஒட்டிக் கொடுக்கிறது. நாம் பார்க்கும் 'இப்போது' ஏற்கெனவே திருத்தி அனுப்பப்பட்ட பிரதி.

அந்தப் பிரதி தாமதமாகவும் வருகிறது. விழித்திரையில் விழுந்த ஒளி மூளையின் பின்பகுதிக்குப் போய்ச் சேர்ந்து உருவமாகத் தெரிவதற்கு ஏறக்குறைய 0.1 நொடி பிடிக்கும். இது சின்னத் தாமதமா என்றால், எதைப் பார்க்கிறோம் என்பதைப் பொறுத்தது. மலேசிய வீரர் டான் பூன் ஹியோங் 2013இல் அடித்த ஓர் அடி மணிக்கு 493 கிலோமீட்டர் வேகம் என்று பதிவானது. பத்து ஆண்டுகள் கழித்து இந்தியாவின் சாத்விக்சாய்ராஜ் ரங்கிரெட்டி 565க்குப் போய் அதை முறியடித்தார். இரண்டும் போட்டியில் அடித்தவை அல்ல, சாதனைக்காகவே அளந்தவை. 493 கிலோமீட்டர் என்றால் நொடிக்கு 137 மீட்டர். அந்த வேகம் அப்படியே நீடித்தால், 0.1 நொடியில் பந்து 13.7 மீட்டர் போய்விடும். பூப்பந்துத் தளத்தின் முழு நீளமே 13.4 மீட்டர்தான். நல்லவேளை, இறகு காற்றை வாரிக்கொண்டு சட்டென்று வேகத்தை இழந்துவிடுகிறது. இல்லாவிட்டால் யாரும் யாருடைய அடியையும் திருப்பி எடுக்க முடியாது.

ஒவ்வொரு புலனுக்கும் வேறு வேறு தாமதம். காலில் முள் குத்திய செய்தி மூளைக்கு வருவதற்கு, மூக்கைத் தொட்ட செய்தியைவிட அதிக நேரம் ஆகும். வேகமான நரம்புகளில் செய்தி நொடிக்கு 100 மீட்டருக்கு மேல் பாயும். மந்தமான வலி நரம்புகளிலோ நொடிக்கு ஒரு மீட்டர் அளவுதான். கல்லில் கால் இடித்தால் முதலில் 'டக்' என்று ஓர் உணர்வு, அப்புறம்தான் உயிர் போகிற வலி என்று வருவது இதனால்தான். ஆனாலும் மூக்கையும் கால் விரலையும் ஒரே நேரத்தில் தொட்டால், இரண்டும் ஒன்றாகத் தொட்டதாகவே தோன்றும். வேகமாக வந்த செய்தியை மூளை வாசலில் நிறுத்தி, பிந்தி வருகிறதற்காகக் காத்திருந்து, இரண்டையும் சேர்த்தே உள்ளே விடுகிறது.

காதுக்கும் கண்ணுக்கும் இடையே இந்தப் பொறுமை தோராயமாக 0.1 நொடி. கோலாலம்பூர் வெயிலில் ஒலி நொடிக்கு ஏறக்குறைய 350 மீட்டர் போகும். ஆகவே 35 மீட்டருக்குள் நடப்பவற்றில் சத்தம் பிந்தி வருவதை நாம் கவனிப்பதே இல்லை. அரங்கில் 50 மீட்டர் தள்ளி மேல் வரிசையில் உட்கார்ந்தவருக்கு மட்டை பந்தைத் தொட்ட பிறகே சத்தம் கேட்பதுபோல் ஒரு நெருடல் வரும். கோட்டருகே இருக்கும் நடுவருக்கு வராது. இடியில் எல்லோருக்கும் தெரியும். உலகிலேயே அதிகம் இடி இடிக்கும் பகுதிகளில் கிள்ளான் பள்ளத்தாக்கும் ஒன்று என்பதால், மின்னல் வெட்டியதும் ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணிக் கிலோமீட்டர் கணக்குப் போடுவதில் நம் வீட்டுப் பிள்ளைகள் கில்லாடிகள்.

அப்படியானால் இமையின் அகலம் என்ன? இதற்கு ஒரே விடை கிடையாது. ஆய்வகத்திலும் அப்படித்தான். இரண்டு சின்ன 'கிளிக்' ஒலிகள் தனித்தனியாகக் கேட்க இரண்டு, மூன்று மில்லிநொடி இடைவெளி போதும். ஆனால் எது முதலில் வந்தது என்று சொல்வதற்கு ஏறக்குறைய 20 மில்லிநொடி வேண்டும். இரண்டு என்று தெரிகிறது, வரிசை தெரியவில்லை. கொள்கையில் நான் எடுத்துக்கொண்டது இந்த 20 மில்லிநொடியை.

ஆளுக்கு ஆள் வித்தியாசம் சிறியது. உயிருக்கு உயிர் வித்தியாசம் பெரியது. மின்னி மின்னி எரியும் விளக்கு எவ்வளவு வேகமாக மின்னினால் தொடர்ந்து எரிவதுபோல் தெரியும் என்று அளப்பது ஒரு பழைய முறை. மனிதருக்கு அது நொடிக்கு 60 முறை அளவில் நின்றுவிடுகிறது. 2013இல் வெளிவந்த ஓர் ஒப்பீட்டு ஆய்வு, சின்ன உடம்பும் வேகமான உயிர்ச்சக்திச் செலவும் உள்ள விலங்குகளுக்கு இந்த எண் கூடுதல் என்று காட்டியது. ஈக்களில் அது 250 வரை போகிறது. திரெங்கானுவில் ரந்தாவ் அபாங் கடற்கரைக்கு முட்டையிட வந்துகொண்டிருந்த தோணியாமைக்கு ஏறக்குறைய 15. நம் நாட்டு மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், பழைய குழல் விளக்கு நொடிக்கு 100 முறை மின்னும். மாமாக் கடையில் தேத்தாரே குடிப்பவருக்கு அது நிலையான வெளிச்சம். மேசையில் உட்கார்ந்திருக்கும் ஈக்கு அது விட்டு விட்டு எரியும் விளக்கு. நாம் ஓங்கும் கையும் அதற்கு நிதானமாகத்தான் வருகிறது. ஈ அடிப்பது கஷ்டம் என்பதற்கு இதைவிட நல்ல சாக்கு கிடைக்காது.

இது புதிய எண்ணமும் இல்லை. 1860 வாக்கிலேயே எஸ்தோனிய உயிரியலாளர் கார்ல் எர்ன்ஸ்ட் ஃபோன் பேயர், மனிதரின் கணங்கள் ஆயிரம் மடங்கு சுருங்கினாலோ விரிந்தாலோ உலகம் எப்படித் தெரியும் என்று கற்பனை செய்து பார்த்தார். கணம் சுருங்கினால் பறக்கும் துப்பாக்கிக் குண்டையும் கண்ணால் தொடரலாம். விரிந்தால் செடி முளைத்து வளர்வதே கண்முன் நடக்கும். பின்னால் யாக்கோப் ஃபோன் யுக்ஸ்க்யுல் அதை விலங்குகளுக்குக் கொண்டுபோனார். மனிதரின் கணம் நொடியில் 18இல் ஒரு பங்கு என்றும், நத்தையினுடையது அதைவிட மிக நீளம் என்றும் கணக்குச் சொன்னார். என் இமைக் கொள்கையின் முதல் விதி இவர்கள் இருவரிடமிருந்தும் எடுத்த கடன்தான்.

இரண்டாவது விதிக்கு வருவோம். இதைப் பினாங்கில் வைத்துப் பார்ப்பது நல்லது. தைப்பூசத்துக்கு ஜார்ஜ் டவுனிலிருந்து தண்ணீர்மலைக்குத் தேர் போகிறது. உறுமி மேளக் குழுக்கள், காவடி, கூட்டம். ஒரு குழுவுக்குள் இருப்பவர்கள் ஒருவர் அடியை மற்றவர் சில பத்து மில்லிநொடி வித்தியாசத்துக்குள் பிடித்துக்கொள்கிறார்கள். தாளம் பிடிப்பது என்பது வந்த அடிக்குப் பதில் அடிப்பது அல்ல. அப்படி அடித்தால் எப்போதும் பிந்தித்தான் அடிக்க முடியும். வரப்போகும் அடியை முன்கூட்டியே எதிர்பார்த்து அடிப்பதால்தான் இருவரும் ஒரே நேரத்தில் விழுகிறார்கள். அந்த அளவுக்கு இமைகள் ஒத்துப்போகின்றன என்று கதை சொல்வதில் பெரிய பொய் இல்லை.

ஆனால் ஊர்வலம் முழுவதும் ஒரே தாளத்தில் என்று எழுதினால் ஒலியின் வேகம் அதைக் கெடுத்துவிடும். 350 மீட்டர் நீளக் கூட்டத்தில் முன்னால் அடித்த மேளம் கடைசியில் இருப்பவருக்கு ஒரு நொடி கழித்துத்தான் கேட்கும். அவர் அதற்குக் கை தட்டினால், அந்தச் சத்தம் முன்னால் வந்து சேர இன்னொரு நொடி. நீண்ட கூட்டத்துக்குப் பொதுவான 'இப்போது' கிடையாது. பக்கத்தில் நிற்பவர்களுக்கு மட்டும் பொதுவான சின்னச் சின்ன 'இப்போது'கள் வரிசையாக நகர்ந்து போகின்றன. அரை உண்மை என்றேனே, அது இதனால்தான்.

பொதுவான காலம் என்று ஒன்று நமக்கு இருக்கிறதென்றால் அது அரசாங்கம் கொடுத்த காலம். இந்த விஷயத்தில் மலேசியத் தமிழர்களிடம் உலகத்தில் பலரிடம் இல்லாத அனுபவம் உண்டு. 1905 முதல் கிரீன்விச்சுக்கு 7 மணி முன்னால் இருந்தோம். 1933இல் 20 நிமிடம் கூட்டினார்கள், 1941இல் இன்னும் 10 நிமிடம். 1942 பிப்ரவரியில் ஜப்பானியர் ஆட்சி வந்ததும் தோக்கியோ நேரம், அதாவது 9 மணி முன்னால். போர் முடிந்து 1945 செப்டம்பரில் மறுபடி ஏழரை. கடைசியாக, தீபகற்பத்தையும் சபா, சரவாக்கையும் ஒரே நேரத்துக்கு, அதாவது கிரீன்விச்சுக்கு 8 மணி முன்னால், கொண்டுவருவதற்காக 1981 டிசம்பர் 31 இரவு 11:30 ஆனபோது கடிகாரத்தை 12:00க்குத் தள்ளினார்கள். அந்த இரவில் 11:45க்குப் பினாங்கில் யாரும் பிறக்கவில்லை, யாரும் சாகவில்லை. அப்படி ஒரு நேரமே இல்லை.

ஜாதகம் கணிப்பவர்களுக்கு இது வேடிக்கை இல்லை. லக்னம் ஏறக்குறைய 2 மணிக்கு ஒருமுறை மாறும். 1982க்கு முன் பிறந்தவரின் நேரத்தைக் கணினியில் இன்றைய 8 மணிக் கணக்கில் போட்டால் அரை மணி பிசகும், சிலருக்கு லக்னமே மாறிவிடும். ஜப்பான் காலத்தில் பிறந்த தாத்தா பாட்டிக்கு ஒரு மணி பிசகு. ராகு காலமும் அப்படியே. அது சூரிய உதயத்திலிருந்து அஸ்தமனம் வரை எட்டாகப் பிரித்துச் சொல்வது. தமிழ்நாட்டு நாட்காட்டியில் திங்கட்கிழமை ஏழரை முதல் ஒன்பது என்று இருப்பது, காலை 6 மணிக்கு உதயம் என்று வைத்துக்கொண்ட கணக்கு. கோலாலம்பூரில் சூரியன் பெரும்பாலும் 7 மணிக்கு மேல்தான் எழுகிறது. 8 மணி நேரத்துக்கு உரிய தீர்க்கரேகை 120 பாகையில் இருக்கிறது, கோலாலம்பூரோ 101.7 பாகையில். பாகைக்கு 4 நிமிடம் என்றால் 73 நிமிட வித்தியாசம். சூரியன் உச்சிக்கு வருவதும் மதியம் ஒன்றேகாலை ஒட்டித்தான். ஊர் நாட்காட்டியைப் பார்த்து ஏழரைக்குக் கிளம்பாமல் இருப்பவர், உண்மையான ராகு காலத்தில் சரியாகக் கிளம்பிவிடுகிறார். என் கதையில் நாயகியின் பாட்டி இதைப் பற்றிப் பேரனோடு ஒரு பக்கம் சண்டை போடுகிறார். கதைக்கு அது தேவையா என்று கேட்காதீர்கள், எனக்குப் பிடித்திருக்கிறது.

சரி, மூன்றாவது விதி. இங்கேதான் நாம் எல்லோரும் மூன்று வேறு விஷயங்களை ஒரே வாக்கியத்தில் போட்டுக் குழப்புகிறோம். விபத்தில் 'எல்லாம் மெதுவாக நடந்தது' என்று சொல்பவர் எதைச் சொல்கிறார்? கண் வேகமாகப் படம் எடுத்ததையா, நினைவு நீளமாகப் பதிந்ததையா, கடிகாரமே மெதுவானதையா?

2007இல் அமெரிக்காவில் டேவிட் ஈகிள்மன் குழு இதைச் சோதித்தது. ஆட்களை 31 மீட்டர் உயரத்திலிருந்து, கட்டு எதுவும் இல்லாமல், கீழே விரித்த வலையில் விழவிட்டார்கள். கையில் ஒரு சின்னத் திரை. அதில் எண்கள் கண்ணால் படிக்க முடியாத வேகத்தில் மின்னிக்கொண்டிருக்கும். விழும்போது கண் உண்மையிலேயே வேகமாகப் படம் எடுத்தால், எண் நின்று தெரிய வேண்டும். தெரியவில்லை. ஆனால் விழுந்து முடித்தவர்களைக் கேட்டபோது, மற்றவர்கள் விழுந்த நேரத்தைவிடத் தாங்கள் விழுந்த நேரம் 36 சதவீதம் நீளம் என்று மதிப்பிட்டார்கள். பயத்தில் இமை குறுகவில்லை. நினைவு தடித்துப் பதிந்திருக்கிறது, திரும்பிப் பார்க்கும்போது அந்தத் தடிப்பு நீளமாகத் தெரிகிறது. விபத்துக் காட்சியில் எல்லாவற்றையும் மெதுவாக ஓட்டிக் காட்டும் திரைப்படம் நினைவைத்தான் படம் பிடிக்கிறது, பார்வையை அல்ல.

எண்ணும் வேகம் மாறுவது இன்னொரு கதை. 1930களில் அமெரிக்க உடலியலாளர் ஹட்சன் ஹோக்லண்ட், காய்ச்சலில் படுத்திருந்த தம் மனைவியை நொடிக்கு ஒன்று வீதம் 60 வரை எண்ணச் சொன்னார். கடைக்குப் போய் 20 நிமிடத்தில் திரும்பியவரிடம் 'ஏன் இவ்வளவு நேரம்' என்று அந்த அம்மா கேட்டதுதான் தொடக்கமாம். காய்ச்சல் உச்சத்தில் இருந்தபோது 60 எண்ணி முடிக்க அவருக்கு 40 நொடிகூட ஆகவில்லை. உடம்புச் சூடு ஏறினால் உள்ளே இருக்கும் ஏதோ ஒரு வேதிக் கடிகாரம் வேகமாகிறது என்று ஹோக்லண்ட் நினைத்தார். எதிர்ப்பக்கம் பிரெஞ்சுக்காரர் மிஷெல் சிஃப்ர். 1962இல் கடிகாரம் இல்லாமல் குளிர்ந்த ஒரு நிலவறைக் குகையில் இரண்டு மாதம் இருந்தார். செப்டம்பர் 14 அன்று வெளியே அழைத்தபோது அவர் கணக்கில் அது ஆகஸ்ட் 20. நொடிக்கு ஒன்று வீதம் 120 வரை எண்ணுவதற்கு அங்கே அவருக்கு 5 நிமிடம் ஆனது.

இந்த இரண்டிலும் வெளியே இருந்த கடிகாரத்தின் வேகம் கொஞ்சமும் மாறவில்லை என்பதைக் கவனிக்க வேண்டும். கடிகாரத்தின் வேகம் மாறும் இடங்கள் வேறு, அங்கே மனிதருக்கு ஒன்றும் உணர்வில் தட்டுப்படாது. ஐன்ஸ்டைனின் பொதுச் சார்பியல்படி, உயரத்தில் இருக்கும் கடிகாரம் தாழ்வில் இருப்பதைவிட வேகமாக ஓடும். பினாங்குக் கொடிமலையின் உச்சி 833 மீட்டர். கணக்குப் போட்டால் அங்கே வைத்த கடிகாரம் கடற்கரையில் வைத்ததைவிட ஒரு நாளைக்கு ஏறக்குறைய 8 நானோநொடி முந்தும். ஒரு நானோநொடி என்பது நொடியில் நூறு கோடியில் ஒரு பங்கு. கோலாலம்பூரில் 452 மீட்டர் இரட்டைக் கோபுரத்தின் உச்சியில் இருந்தால் நாளைக்கு 4 நானோநொடி. ஒருவர் 70 ஆண்டு கொடிமலை உச்சியிலேயே வாழ்ந்தாலும் கீழே இருப்பவரைவிட 0.0002 நொடிதான் அதிகம் மூத்திருப்பார். மலையேறினால் ஆயுசு கூடும் என்பவர்கள் வேறு காரணம் தேடிக்கொள்ள வேண்டும்.

இதை வெறும் கணக்கு என்று ஒதுக்க முடியாது. 1971இல் ஹாஃபெலேயும் கீட்டிங்கும் அணுக் கடிகாரங்களைச் சாதாரணப் பயணிகள் விமானத்தில் ஏற்றி உலகைச் சுற்றினார்கள். கிழக்கே போனபோது கடிகாரங்கள் 59 நானோநொடி பின்தங்கின, மேற்கே போனபோது 273 நானோநொடி முந்தின. கொள்கை சொன்ன அளவோடு இது ஒத்துப்போனது. நாம் கைப்பேசியில் வழி பார்க்கும் ஜிபிஎஸ் செயற்கைக்கோள்களின் கடிகாரங்கள் தரையைவிட நாளைக்கு 38 மைக்ரோநொடி முந்தும், அதைச் சரிசெய்துதான் ஓட்டுகிறார்கள். விமானத்தில் போனவர்கள் யாரும் காலம் மாறியதை உணரவில்லை. உணரவும் முடியாது, ஏனென்றால் கடிகாரத்தோடு சேர்ந்து நரம்பும் மூளையும் நினைவும் அதே அளவில் மாறுகின்றன.

ஆக, உணரும் காலம் காய்ச்சலில் நிமிடத்துக்கு 20 நொடி பிசகும், கடிகாரத்தின் வேகம் மாறாது. பௌதிகக் காலம் மலையில் நாளைக்கு 8 நானோநொடி பிசகும், மனிதர் உணரமாட்டார். இரண்டுக்கும் நடுவே ஒரு சுவர் நிற்கிறது. 1922 ஏப்ரல் 6 அன்று பாரிஸில் மெய்யியலாளர் ஆன்றி பெர்க்சனும் ஐன்ஸ்டைனும் நேருக்கு நேர் மோதியது இந்தச் சுவரைப் பற்றித்தான். வாழ்ந்து உணரும் காலத்தைக் கடிகாரம் முழுக்கப் பிடித்துவிட முடியாது என்றார் பெர்க்சன். உளவியல் காலம் உண்டு, பௌதிகக் காலம் உண்டு, மெய்யியலாளருக்கென்று மூன்றாவதாக ஒரு காலம் கிடையாது என்பது ஐன்ஸ்டைனின் நிலை. அந்த ஆண்டு அறிவித்த நோபல் பரிசு ஐன்ஸ்டைனுக்குச் சார்பியலுக்காகக் கொடுக்கப்படவில்லை. பரிசு வழங்கும்போது ஆற்றிய உரையில் பெர்க்சனின் மறுப்பும் குறிப்பிடப்பட்டது. என் மூன்றாவது விதி இந்தச் சுவரை ஒரே உதையில் இடிக்கப் பார்க்கிறது.

இடித்தால் என்ன ஆகும்? நாயகியின் உடம்புக்குள் காலம் இரண்டு மடங்கு ஓடுகிறது என்று வைத்துக்கொள்வோம். எனக்கு ஒரு நொடி என்றால் அவளுக்கு இரண்டு நொடி. இமை 20 மில்லிநொடியிலிருந்து 10க்கு இறங்குகிறது. மேலிருந்து வெறுமனே விழும் பூப்பந்து நொடிக்கு ஏறக்குறைய 7 மீட்டர் வேகத்துக்கு மேல் போகாது. அந்த வேகத்தில் 10 மில்லிநொடி என்பது 7 சென்டிமீட்டர். கோட்டின் அகலம் 4 சென்டிமீட்டர். ஆக, நடுவர் வேலைக்கு இது கொழுத்த லாபம்.

ஆனால் அவள் கண்ணுக்கு வரும் ஒளியும் அவள் கடிகாரப்படிதான் அதிர வேண்டும். நொடிக்கு இத்தனை அதிர்வு என்பது பாதியாகிவிடும், அலைநீளம் இரட்டிக்கும். 500 நானோமீட்டர் பச்சை அவளுக்கு 1,000 நானோமீட்டர் அகச்சிவப்பு. நாம் பார்க்கும் 400 முதல் 700 வரையான மொத்த வண்ணமும் 800 முதல் 1,400க்கு நகர்ந்து, கண்ணுக்குத் தெரியாமல் போய்விடும். அவளுக்குத் தெரியக்கூடியது நமக்குத் தெரியாத புற ஊதா மட்டும். அரங்கின் எல்ஈடி விளக்குகள் அந்தப் பகுதியில் அநேகமாக ஒளியே விடுவதில்லை. கோட்டைத் துல்லியமாகப் பார்க்கப் படைத்த நாயகி கும்மிருட்டில் உட்கார்ந்திருப்பாள். பேச்சுக் குரல்கள் ஒரு ஸ்தாயி இறங்கிக் கேட்கும், தோழி பேசினால் ஆண் குரல் மாதிரி வரும். விழும் பொருள்கள் அவள் கணக்கில் நாலில் ஒரு பங்கு ஈர்ப்பில் விழும், நிலவில் ஆறில் ஒரு பங்கு என்பதை நினைத்துக்கொள்ளலாம். நமக்கு மூன்று வேளைச் சாப்பாடு என்றால் அவளுக்கு ஆறு வேளை. நம் கணக்கில் 30 வயதில் அவள் உடம்புக்கு 60. மாப்பிள்ளை பார்க்கும் காட்சியை வேறு எழுதி வைத்திருந்தேன்.

இரண்டு மடங்கு வேண்டாம், 10 சதவீதம் என்று குறைத்துப் பார்த்தேன். 550 நானோமீட்டர் பச்சை 605 ஆகி ஆரஞ்சாகத் தெரியும், வெள்ளை விளக்கு மஞ்சளடிக்கும், மற்றபடி பார்க்கலாம். ஆனால் 20 மில்லிநொடி இமை 18 ஆகிறது, அவ்வளவுதான். பந்தின் நிலையில் ஒரு சென்டிமீட்டர் சொச்சம். பார்வை இருந்தால் லாபம் இல்லை, லாபம் இருந்தால் பார்வை இல்லை. மூன்றாவது விதியை எடுத்துவிட்டேன்.

அப்புறம் அவளுக்கு என்ன மிச்சம்? நல்ல ஆட்டக்காரர்களிடம் இருப்பது மிச்சம். 1987இல் புரூஸ் அபர்நெத்தியும் டேவிட் ரஸ்ஸலும் பூப்பந்து அடிகளின் படத்தை மட்டை பந்தைத் தொடும் முன்பே நிறுத்தி, பந்து எங்கே போகும் என்று கேட்டார்கள். புதியவர்கள் மட்டையைப் பார்த்தார்கள். தேர்ந்தவர்கள் அதற்கு முன்பே கையின் அசைவிலிருந்து தகவல் எடுத்துக்கொண்டார்கள். அவர்களுக்குக் காலம் அதிகம் கிடைக்கவில்லை, முன்கூட்டித் தொடங்குகிறார்கள். மூளை எல்லோரிடமும் இதைக் கொஞ்சம் செய்கிறது. 0.1 நொடித் தாமதத்தை ஈடுகட்டுவதுபோல, நகரும் பொருளை அது இருக்கும் இடத்தைவிடச் சற்று முன்னே காட்டுகிறது. 1994இல் ரோமி நிஜாவன் எழுதிய ஒரு சிறு கட்டுரை இதைப் பெரிய விவாதமாக்கியது.

கதைக்குத் தேவையான திருப்பம் அங்கேதான் கிடைத்தது. பந்தை முன்னே தள்ளிப் பார்க்கும் நடுவர் தவறினால் ஒரே பக்கமாகத்தான் தவற வேண்டும்: உள்ளே விழுந்ததை வெளியே என்பார். டேவிட் விட்னி குழு 2007 விம்பிள்டன் டென்னிஸ் ஆட்டங்களை எடுத்துப் பார்த்தபோது அதுதான் தெரிந்தது. நடுவர்கள் தவறிய 83 தீர்ப்புகளில் 70, உள்ளே விழுந்ததை வெளியே என்று சொன்னவை. ஆகவே என் நாயகி இப்போது தவறுகிறாள். தோற்கும் நிலையில் இருக்கும் ஓர் ஆட்டக்காரர் இதை எப்படியோ கண்டுபிடித்துவிடுகிறார். அவள் உட்காரும் கோட்டில் 'வெளியே' என்று கை விரிக்கும்போது மட்டும் தன் மறுபரிசீலனை வாய்ப்பைக் கேட்கிறார். 'உள்ளே' என்று அவள் காட்டினால் வாயே திறப்பதில்லை.